ஐந்துக்கு எத்தனை

என் வண்டியில் எட்டுக் கைபேசிகள்.
அவையே ஒன்றையொன்று அழைத்துக்கொள்ளும்,
அவையே எடுத்துக்கொள்ளும்.
நான் புரெவ்ஜாவுக்குப் பக்கத்து இருக்கையில்
சூரியகாந்தி விதை கொறித்தபடி வருவேன்.
இதற்குச் சம்பளம் உண்டு.

இரண்டு நிமிடத்துக்கு ஒருமுறை
அதே பெண்குரல், அதே வாக்கியம்:
"பனி உருகிய பின் குதிரைகள் ஆற்றைக் கடந்தன."
இந்தக் காதில் புறப்பட்டது
அந்தக் காதில் எவ்வளவு சிதையாமல் இறங்கியது என்று
மென்பொருள் மதிப்பெண் போடும். ஐந்துக்கு.
ஐந்தை நான் பார்த்ததில்லை.
நாலரை என்றால் தலைநகரின் சதுக்கம், விடிகாலை.
கோபி-அல்தாயில் நான்காம் இரவு
என் கனவிலும் குதிரைகள் இறங்கின,
நடு ஆற்றில் அறுந்து நின்றன.

மறுநாள் ஒரு மேடு.
கற்குவியல், அதில் கட்டிய நீலத் துணிகள்.
ஒன்று புள்ளி ஏழு.
வரைபடத்தில் சிவப்பு வைத்து
'மோசம்' என்று தட்டும்போது
மோட்டார் சைக்கிளில் வந்தாள் துலம்சூரென்.
எங்களைப் பார்த்தும் பார்க்காமல்
ஒரு தட்டைக் கல்லின்மேல்
இடது காலை மட்டும் ஊன்றி
வடமேற்கே முகம் திருப்பினாள்.
கைபேசி, ததும்பும் கிண்ணம்போல, இரு கைகளிலும்.

எதிர்முனையில் ரோம வியாபாரி.
இந்த வசந்தம் சீவியெடுத்த வெள்ளாட்டு ரோமம், கிலோ என்ன விலை?
"நூற்றிருபதா? என்ன? வெட்டுது."
"கேட்கலை. திரும்பச் சொல்."
"காற்று, ஒரே காற்று இங்கே."
நீலத் துணிகள்
அசையாமல் தொங்கின.
நான்கு முறை அறுந்தது இணைப்பு,
நான்கு முறையும் அவள் கட்டைவிரலால்.
ஒவ்வொரு முறையும் மூவாயிரம் ஏறியது.

அவள் இறங்கியதும் அந்தக் கல்லில் ஏறி அளந்தேன்:
மூன்று புள்ளி எட்டு.
அவள் பார்த்துக்கொண்டுதான் இருந்தாள்.

"கோபுரம் வருமா?"
"சிவப்பாக இருந்தால் வரலாம்."
காய்ந்த தயிர்க்கட்டி ஒன்றை வாயிலிட்டு
எனக்கும் ஒன்று நீட்டினாள். பல் உடையும்.
"வந்தால் நல்லது" என்றாள்.
"போன தை மாதக் குளிரில் எச்சரிக்கை
இந்தக் கல்லுக்குத்தான் வந்து சேர்ந்தது,
புயல் முடிந்த மூன்றாம் நாள்.
கால்நடைகளைப் பாதுகாப்பான இடத்துக்குக் கொண்டுசெல்லவும்.
அறுபத்துமூன்று ஆடுகள், விறைத்து, நின்றபடியே.
செய்தியில் ஓர் எழுத்துகூடப் பிசகவில்லை, தெரியுமா?"

தயிர்க்கட்டியைக் கன்னம் மாற்றினாள்.
"வந்துவிட்டால், கேட்கலை என்று
நான் யாரிடம் சொல்வது?
வங்கிக்காரன் மேடேறாமலே
கெருக்குள் வந்து அடுப்போரம் உட்கார்ந்துகொள்வான்."

அப்போதுதான் ஏழாம் எண் கைபேசி அடித்தது.
அடிக்கும் போனை எடுப்பது மனித வழக்கம்,
எடுத்துவிட்டாள்.
தலை சாய்த்துக் கேட்டாள், முழு வாக்கியமும்.
"எந்த ஆறு?" என்றாள்.
"இங்கே இருந்த ஆறென்றால்
அது வறண்டு இரண்டு வருடம்.
யாரம்மா நீ? குளிர்காலம் நல்லபடி கழிந்ததா?"
பதிலுக்குக் காத்திருந்தாள்,
அவர்கள் காத்திருக்கும் நீளத்துக்கு.
இரண்டு நிமிடம் கழித்துக்
குதிரைகள் மறுபடி கடந்தன.
"காது மந்தம், பாவம்" என்று
போனை என்னிடம் கொடுத்துவிட்டு வண்டியை உதைத்தாள்.

திரையில்:
பேச்சு பொருந்தவில்லை. மாதிரி செல்லாது. நீக்கவா?

மேட்டைச் சிவப்பாகவே அனுப்பினேன்.
கல்லைப் பற்றி எழுதவில்லை,
அதற்குக் கட்டமும் இல்லை.
நீக்கவா என்பதற்கு மட்டும்
அல்தாய் நகரம் வரும்வரை விரல் போகவில்லை.
எழுபத்தோரு கிலோமீட்டர்.
புரெவ்ஜாவ் கேட்டான்,
விதை மிச்சம் இருக்கிறதா என்று.